வள்ளி நனைத்த கம்பளம்

மூத்திர மணத்தைப் போக்குவதற்காக அதன் மேல் இன்னும் கொஞ்சம் மூத்திரம் தெளித்த மனுஷி ஒருத்தி இருக்கிறாள் என்றால் நம்ப மாட்டீர்கள். நம்பலாம். அது நான்தான், தவம். அப்போது எனக்கு இருபது வயது. தேவாரம் பாடுவேன், பின்னல் தெரியும், பனங்காய்ப் பணியாரம் சுடுவேன் (மாப்பிள்ளை வீட்டாருக்கு என் அம்மா ஒப்புவித்த பட்டியல் இது, கம்பளம் கழுவத் தெரியுமா என்று அவர்கள் கேட்கவில்லை).

அறுபதுகளின் தொடக்கம். கலியாணம் முடிந்த அடுத்த மாதமே, வேலை மேற்பார்க்கும் ஓவசியராக இருந்த என் கணவருடன் மாங்குளத்துக்குக் கிழக்கே காட்டுக்குள் வந்து சேர்ந்தேன். அங்கே ஒரு குளக்கட்டு வேலை நடந்துகொண்டிருந்தது. எங்களுக்கு ஒரு குவாட்டர்ஸ் தந்தார்கள். அக்கம்பக்கம் என்று சொல்ல ஒரு வீடும் இல்லை. திங்கட்கிழமை காலை அவர் சைக்கிளில் தள்ளியிருந்த வேலைத்தலத்து வாடியில் தங்கப் போனால் சனிக்கிழமை பின்னேரம்தான் திரும்புவார்.

நான் வடமராட்சியில் ஏழு பெண்பிள்ளைகளோடு ஒரே கிணற்றில் குளித்து வளர்ந்தவள். என் வாய் ஓயாது என்று ஊரெல்லாம் பெயர். அப்படிப்பட்டவளைக் கொண்டுபோய்க் காட்டுக்குள் விட்டால் என்ன நடக்கும்? முதல் மாதம் குரங்குகளோடு சண்டை பிடித்தேன். இரண்டாம் மாதம் அவற்றுக்குப் புத்தி சொன்னேன். மூன்றாம் மாதம் என்னைக் கண்டாலே அவை வேறு மரத்துக்குத் தாவத் தொடங்கின. சனிக்கிழமை அவர் வந்ததும் ஒரு கிழமைக் கதையையும் சேர்த்துக் கொட்டுவேன். மனுஷன் களைத்துப்போய் வந்திருப்பார். சோற்றுக் கோப்பைக்கு முன்னாலேயே நித்திரையாகிவிடுவார். நான் மிச்சக் கதையை விளக்குக்குச் சொல்லி முடிப்பேன். சிரிப்பாகச் சொல்கிறேன், ஆனால் அந்த நாட்களில் நான் குசினிக்குள் அடுப்படியில் இருந்து அழாத பகல் குறைவு.

இதைப் பார்த்துத்தானோ என்னவோ, ஒரு சனிக்கிழமை சைக்கிள் கூடைக்குள் ஓர் ஆட்டுக்குட்டியைக் கொண்டுவந்தார். தாய் செத்துப்போன குட்டி. மறி, அதாவது பெண்குட்டி. வள்ளி என்று பெயர் வைத்தேன். மாங்குளத்துக் கடையில் பால்போத்தலும் சூப்பியும் வாங்குவித்துப் பால் பருக்கினேன். வெளியில் கட்டினால் நரி கொண்டுபோய்விடும் என்று வீட்டுக்குள்ளேயே வளர்த்தேன். அது என் பின்னாலேயே திரியும். நான் கதைத்தால் காதை ஆட்டும். அவரை விட அது நன்றாகக் கேட்டது.

வந்தது கம்பளத்தால் வினை. முன்னொரு காலத்தில் அந்த வீட்டில் இருந்த வெள்ளைக்கார எஞ்சினியர் விட்டுப்போன கம்பளம் அது. சிவப்பு நிறம், ஓரத்தில் நீலப் பூ. குவாட்டர்ஸ் சாமான் பட்டியலில் அதுவும் ஒன்று, ஆகவே எறிய முடியாது. சுருட்டி வைத்தால் கறையான் தின்றுவிடும் என்று கூடத்தில் விரித்தே கிடந்தது. வள்ளிக்குச் சீமெந்து நிலம் குளிர். வீடு முழுக்கச் சுற்றிப் பார்த்துவிட்டு, நடுக் கம்பளத்தில் போய் நின்று, கண்ணை மூடிக்கொண்டு, மிகவும் மரியாதையாகப் பெய்யும். நான் அவருடைய பழைய வேட்டியைக் கிழித்து இடுப்பில் கட்டிப் பார்த்தேன். துணியும் நனைந்தது, கம்பளமும் நனைந்தது. கொடியில் காயப்போட எனக்குத் தினமும் பத்துத் துணி சேர்ந்ததுதான் மிச்சம்.

ஒரு சனிக்கிழமை அவர் சொன்னார்: "இஞ்சேரும், வாற வியாழக்கிழமை எஞ்சினியர் வவுனியாவிலையிருந்து வாறார். மனுசியும் வாறாவாம். நாங்கள் குளக்கட்டைப் பாத்திட்டு வருமட்டும் அவா இஞ்சதான் இருப்பா."

நான் கேட்டது ஒன்றே ஒன்று: "எவ்வளவு நேரம் இருப்பா?"

"ரெண்டு மணித்தியாலம் இருக்கும்."

இரண்டு மணித்தியாலம்! ஒரு பெண்ணோடு இரண்டு மணித்தியாலம் கதைக்கலாம். நல்லபடி கதைத்தால் திரும்பவும் வருவா. மாதம் ஒரு முறை வந்தாலும் போதும், மிச்ச நாட்களை அதை நினைத்து ஓட்டிவிடலாம் என்று கணக்குப் போட்டேன். அப்போதுதான் மூக்கு வேலை செய்தது. பழகிப்போன எனக்கே கூடம் ஆட்டுக் கொட்டில் போல மணத்தது.

முதலில் சாம்பிராணி போட்டேன். மூத்திர மணமும் இருந்தது, சாம்பிராணி மணமும் இருந்தது. கோயிலுக்குள் ஆடு கட்டிய மாதிரி. பிறகு ஈரத்தை உறிஞ்சட்டும் என்று ஆனையிறவுக் கல்லுப்பை இரண்டு சுண்டு அள்ளிக் கொட்டித் தேய்த்தேன். மாரி காலம். உப்பு காற்றிலிருந்த ஈரத்தையெல்லாம் அழைத்து வந்து கம்பளத்துக்குள் குடிவைத்தது. முன்பு நனைந்த இடம் மட்டும் மணத்தது, இப்போது எல்லா இடமும் மணத்தது.

செவ்வாய்க்கிழமை முல்லைத்தீவிலிருந்து சைக்கிளில் புடவை விற்கும் முஸ்லிம் நானா வந்தார். வாசலிலேயே மூக்கைச் சுளித்தார். விஷயத்தைச் சொன்னேன்.

"இதுக்குப் போய் ஏன் தங்கச்சி அழுறீங்க? வினாகிரியைத் தண்ணியிலை கலந்து ஊத்திக் கழுவி வெயிலிலை போடுங்க. மணம் ஓடிடும்."

"வினாகிரியோ? அந்தக் காடி கள்ளிலை செய்யிறதெல்லோ!"

"ஓம், தென்னங்கள்ளுத்தான். அதுக்கென்ன, நீங்களா குடிக்கப்போறீங்க? கீழை கிடக்கிற காப்பெற்தானே குடிக்கப்போகுது."

நானா சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான் மச்சம் மாமிசம் தொடாத வீட்டில் பிறந்தவள். கள்ளில் பிறந்த சாமானை வீட்டுக்குள் விடுவதா? சீ! சுத்தம் என்றால் என்னவென்று எங்களுக்குத் தெரியாதா? எங்கள் வீட்டில் துடக்குத் தீட்டுக் கழிக்க என்ன செய்வார்கள்? கோசலம் தெளிப்பார்கள். பால் கொண்டுவரும் பெரியவரிடம் ஒரு போத்தல் பசுமூத்திரம் வேண்டும் என்றேன்.

"என்னத்துக்குப் பிள்ளை?"

"கூடத்திலை மூத்திர மணம் ஐயா. அதைப் போக்க."

பெரியவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். இந்தப் பிள்ளையைத் தாய்வீட்டுக்கு அனுப்புவது நல்லது என்பது அந்தப் பார்வையின் பொருள். ஆனாலும் கொண்டுவந்து தந்தார். நான் அதில் மஞ்சளும் கரைத்து, மாவிலையால், மந்திரம் சொல்லாத குறையாகத் தெளித்தேன். புதன்கிழமை காலையில் சிவப்புக் கம்பளத்தில் மஞ்சள் தீவுகள். ஆட்டோடு மாடும் சேர்ந்து குடியிருந்தது. வெயிலும் வரவில்லை.

வியாழக்கிழமை வள்ளியை அறைக்குள் விட்டுக் கதவைச் சாத்தினேன். கலியாணத்துக்கு யாரோ தந்த ஓடிக்கொலோன் போத்தல் முழுவதையும் கம்பளத்தில் கவிழ்த்தேன். ஜீப் வந்தது. எஞ்சினியரும் என் கணவரும் குளக்கட்டுக்குப் போனார்கள். எஞ்சினியரின் மனைவி கமலாம்பிகை உள்ளே வந்தா. நாற்பது வயதிருக்கும். பட்டுச் சேலை, முகத்தில் களைப்பு. கதிரையில் இருந்தா. மூச்சை இழுத்தா. உடனே லேஞ்சியை எடுத்து மூக்கில் வைத்தா.

நான் கொண்டுவந்த தேத்தண்ணீர்க் கோப்பை தட்டில் கிடந்து தாளம் போட்டது. மூன்று நாளாக மனப்பாடம் செய்து வைத்த கதை ஒன்றும் வாயில் வரவில்லை. அவா கோப்பையை வாங்கிக் குடிக்காமல் கீழே வைத்தா. பிறகு அவா எழும்பினா.

"நான் வெளியிலை காத்தாட நிக்கிறன். நீர் உம்மடை வேலையைப் பாரும்."

போய்விட்டது என்று நினைத்தேன். என் இரண்டு மணித்தியாலமும் போய்விட்டது. அவா வாசல்வரை போனா. கொடியில் காய்ந்த துணிகளைப் பார்த்தா. திரும்பினா. யன்னலில் இருந்த பால்போத்தலைப் பார்த்தா. முகம் அப்படியே மாறிப்போனது.

"அட, பிள்ளை இருக்குதோ! அதுதானே மணக்குது. முதலே சொல்லியிருக்கலாமே! எங்கை பிள்ளை?"

உண்மையைச் சொல்ல எனக்கு ஒரு கணம் இருந்தது. இல்லை அக்கா, ஆடு என்று சொல்லியிருக்கலாம். ஆனால் அவா லேஞ்சியை மடித்து வைத்துவிட்டு, திரும்பவும் கதிரையில் வந்து இருந்துவிட்டா. எனக்கு அது போதும்.

"நித்திரை" என்றேன்.

"பேரென்ன?"

"வள்ளி."

"எத்தினை மாதம்?"

"மூண்டு."

அதற்குப் பிறகு அவா குரலைத் தாழ்த்திக்கொண்டா. பிள்ளை எழும்பிவிடுமாம். நானும் தாழ்த்தினேன். இரண்டு பேரும் கதிரைகளை இழுத்து நெருக்கிப் போட்டுக்கொண்டு குசுகுசுவென்று கதைத்தோம். தனக்கு மூன்று பிள்ளைகள், மூன்றும் யாழ்ப்பாணத்தில் விடுதியில் நின்று படிக்கிறார்கள், தவணை விடுமுறைக்குத்தான் வருவார்கள் என்று சொன்னா.

"பெரிய பங்களா. வேலைக்காரர், சமையல்காரர் எல்லாரும் இருக்கினம். ஒரு மூத்திர மணம்கூட இல்லை பாரும்" என்றா. சொல்லிவிட்டு மூக்கைத் துடைத்தா. மணத்துக்காகத் துடைக்கவில்லை.

அந்த நேரம் பார்த்து அறைக்குள் இருந்து வள்ளி கூப்பிட்டது.

"ம்மேஏஏ!"

"முழிச்சிட்டாள்!" என்று அவா எழும்பினா.

நான் பாய்ந்துபோய்க் கதவடியில் நின்றேன். "இல்லை அக்கா, கனவு காணுறாள்."

"குரல் என்ன ஒரு மாதிரிக் கிடக்கு?"

"தடிமன். தொண்டை அடைச்சுப்போச்சு."

"ம்மேஏ!"

"ஐயோ, 'அம்மா' எண்டு வடிவாச் சொல்லுறாள்! மூண்டு மாதத்திலை! கெட்டிக்காரிதான். ஒருக்காத் தூக்கிக் காட்டுமன்."

"தொத்து வியாதி அக்கா. உங்களுக்கும் தொத்திப்போடும்." கதவில் சாய்ந்து நின்றேன். உள்ளே கெட்டிக்காரி கதவை முட்டத் தொடங்கினாள். "காலை உதைக்கிறாள்" என்றேன். (மூன்று மாதப் பிள்ளை கட்டிலிலிருந்து கதவுக்கு எப்படி வந்தது என்று அவா கேட்கவில்லை. கேட்டிருந்தால் நான் அதற்கும் ஒரு பதில் வைத்திருப்பேன், அவ்வளவு துணிவு வந்துவிட்டது.)

ஜீப் ஹோர்ன் அடித்து என்னைக் காப்பாற்றியது. போகும்போது அவா என் கையைப் பிடித்துக்கொண்டா.

"காப்பெற்றிலை வினாகிரி விட்டுப் பாரும், தவம். நான் மூண்டு பிள்ளையளுக்கும் அதுதான் செய்தனான். வாற மாதமும் வருவன். அப்ப வள்ளி முழிச்சிருக்க வேணும்."

ஜீப்பில் ஏறியதும் பக்கத்தில் நின்ற என் கணவரைப் பார்த்துச் சொன்னா: "பிள்ளைக்குத் தடிமன். நீர் பேசாமல் திரியிறீர். மருந்து வாங்கிக் குடும்."

எஞ்சினியர் சொன்னால் எதற்கும் 'ஓம்' என்பது அவருக்குப் பழகிப்போன விஷயம். எஞ்சினியரின் மனைவிக்கும் அதே பழக்கத்தில் "ஓம், ஓம்" என்றார். ஜீப் மறைந்த பிறகு என்னிடம் திரும்பினார்.

"இஞ்சேரும், எங்களுக்கு எப்ப பிள்ளை பிறந்தது?"

நான் அவருடைய சேட்டு நுனியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். குரங்கு, விளக்கு, குசினி எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். அன்று அவர் நித்திரை கொள்ளாமல் முழுவதையும் கேட்டார். மறுநாள் லீவு போட்டு, வினாகிரி வாங்கி வந்து, என்னோடு சேர்ந்து வாய்க்காலில் அந்தக் கம்பளத்தைக் கழுவினார். இரண்டு நாள் நல்ல வெயில் எறித்தது. மணம் போன இடம் தெரியவில்லை. நானா வந்தபோது நான் குசினியை விட்டு வெளியில் வரவில்லை.

சொன்னபடியே அடுத்த மாதம் ஜீப் வந்தது. அதற்குள் நான்கு முறை கடிதம் எழுதத் தொடங்கினேன். 'அக்கா, வள்ளி ஒரு ஆடு' என்ற வரிக்குப் பிறகு என்ன எழுதுவது என்று தெரியாமல் கிழித்துப் போட்டேன். ஜீப் சத்தம் கேட்டதும் கதவைப் பூட்டினேன். வள்ளியைத் தூக்கி மடியில் வைத்து, அதன் வாயைப் பொத்திக்கொண்டு, அந்தச் சுத்தமான கம்பளத்தில் குந்தியிருந்தேன்.

"தவம்... தவம், வீட்டிலையோ? வள்ளிக்கு ஒரு சாமான் கொண்டந்தனான்."

மூன்று முறை தட்டினா. பிறகு படியில் இருந்துவிட்டா. கதவு நீக்கலால் அவாவின் முதுகு தெரிந்தது. ஒரு கால் மணித்தியாலம் அப்படியே இருந்தா. ஒரு பெண்ணின் குரலுக்காக மாதக்கணக்கில் ஏங்கிய நான், நான்கு அடி தூரத்தில், மூச்சு விடாமல் இருந்தேன். வள்ளி என் உள்ளங்கையை நக்கியது. ஜீப் போன பிறகு கதவைத் திறந்தேன். படியில் ஒரு பார்சல் இருந்தது. உள்ளே வெள்ளை நூலில் பின்னிய சின்னத் தொப்பி. கொஞ்ச நாளில் எஞ்சினியருக்கு மாற்றம் வந்தது. இரண்டு வருடம் கழித்து என் மூத்தவன் பிறந்தபோது அந்தத் தொப்பியைப் போட்டுப் பார்த்தேன். அளவாக இருந்தது. அப்போதும் அக்காவுக்கு ஒரு வரி எழுத எனக்கு முகம் இல்லை.

இந்தக் கதையை என் கணவர் எல்லாருக்கும் சொல்லிவிட்டார். இன்றைக்கும் எங்கள் வீட்டில், விருப்பமில்லாத ஆள் யாராவது வந்து கதவைத் தட்டினால், பிள்ளைகள் ஒருவரை ஒருவர் பார்த்து, "வள்ளியின்ரை வாயைப் பொத்துங்கோ" என்பார்கள். வீடே வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கும். நானும் சிரிப்பேன். சிரித்துக்கொண்டே எழும்பிப்போய்க் கதவைத் திறந்துவிடுவேன்.