ஆறாம் நிமிடத்து இடறல்

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் நலம். உன் நலத்தையும், உன்னிடம் கார் ஓட்டப் பழகுகிறவர்களின் நலத்தையும், அவர்களுக்கு எதிரே வருகிறவர்களின் நலத்தையும் விரும்புகிறேன். நீண்ட கடிதம் என்றால் கடைசிப் பக்கத்தை மட்டும் படிக்கிறவன் நீ. ஆகவே சொல்லப்போவதை முதலிலேயே வரிசைப்படுத்திவிடுகிறேன்.

1. உங்கள் குழுவின் இசைத்தட்டு நாற்பது வருடம் கழித்து மறுபடி வெளிவரப்போகிறது.
2. அதனால் எனக்கு நேர்ந்த சங்கடங்கள்.
3. ஆறாம் நிமிடத்துத் தவறு உன்னுடையது. அன்று நான் சொன்ன தீர்ப்பில் மாற்றமில்லை.
4. இத்துடன் வைத்திருக்கும் படிவத்தில் கையெழுத்துப் போட்டு வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பவும்.

முதலாவது. ஜாஸையும் ராக்கையும் ஒன்றாகக் கலந்து நீங்கள் நால்வரும் வாசித்த ‘ஐந்தரை’ ஒரு மகத்தான இசைத்தட்டு என்று இப்போது எல்லோரும் சொல்கிறார்களாம். அந்தக் காலத்தில் அதை வாங்கியவர்களை எனக்குப் பெயர் சொல்லித் தெரியும். அட்டையின் பின்புறம் தொடர்பு விலாசமாக என் வீட்டு விலாசத்தைப் போட்டிருந்தீர்கள் அல்லவா, அதைப் பிடித்துக்கொண்டு கம்பெனியிலிருந்து ஒலிப்பதிவுக்காரப் பெண் ஒருத்தி வந்துவிட்டாள். நான் வீடு மாறாமல் இருந்ததற்கு முதன்முதலாக ஒருவர் நன்றி சொன்னார். மூல நாடா கிடைத்துவிட்டதாம், கம்ப்யூட்டரில் ஏற்றிச் சுத்தப்படுத்துகிறார்களாம், நான் உடனிருந்து எந்த இடத்தில் எந்தப் பகுதி என்று சொல்ல வேண்டுமாம்.

இரண்டாவது. பயிற்சியாக இருக்கட்டும் என்று இசைத்தட்டை வீட்டில் போட்டேன். இரண்டாம் பக்கம் பாதி ஓடுவதற்குள் மேல்வீட்டு நர்ஸ் இறங்கி வந்து, “தாத்தா, வாஷிங் மெஷின்ல ஏதோ மாட்டிக்கிச்சு, உடனே நிறுத்துங்க” என்றாள். அது என் தம்பி என்று சொன்னேன். அவள் உன் அண்ணியைத் தனியாகக் கூப்பிட்டு நான் வேளாவேளைக்கு மாத்திரை சாப்பிடுகிறேனா என்று விசாரித்திருக்கிறாள். உன் அண்ணியோ சமையலறையில் அந்தத் தாளத்துக்கே பீன்ஸ் நறுக்கினாள், ஒரு துண்டு போல இன்னொரு துண்டு இல்லை. அந்த நீண்ட உருப்படி பதினொன்று பதினொன்றாக எண்ண வேண்டியது அல்லவா, கையில் பத்து விரல்தான் இருப்பதால் பதினொன்றாவதுக்கு மூக்கைத் தொட்டுக்கொள்வது என் வழக்கம். பஸ்ஸில் அப்படி எண்ணிக்கொண்டு போனதில் எதிர் இருக்கைக்காரர் எழுந்து வேறிடம் பார்த்துக்கொண்டார். ஒலிப்பதிவுக் கூடத்துக்குப் போய்ச் சேர்ந்தால் ஹெட்போனைத் திருப்பி மாட்டிக்கொண்டு, கதவு என்று நினைத்து அலமாரியைத் திறந்து, உள்ளே இருந்த ஒயர்களிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு உட்கார்ந்தேன்.

அந்தப் பெண் அதே உருப்படியை ஆறாம் நிமிடத்தில் நிறுத்தினாள். “இங்க டிரம்ஸ் ஒரு பக்கம் போகுது, கீபோர்டு ஒரு பக்கம் போகுது. அப்புறம் மூணு செகண்டு எல்லாரும் கப்சிப். சரி பண்ணிடலாமா? ஆனா அதை வாசிச்ச ரெண்டு பேரும் எழுதிக் குடுக்கணும்” என்றாள். அந்த மூன்று விநாடியை ஒரு பத்திரிகை ‘துணிச்சலான மௌனம்’ என்று பாராட்டிய நாளிலிருந்து, பேஸ் கிதார்காரரும் சாக்ஸஃபோன்காரரும் அது தங்கள் யோசனை என்று தனித்தனியாகச் சொல்லிவருகிறார்கள். நீ போனில் அவளிடம், “அழிச்சிடுங்கம்மா, சனியன் தொலையட்டும்” என்றாயாம். கீபோர்டுக்காரரைக் கேட்க அவருடைய மூக்குக்கண்ணாடிக் கடைக்கே போனேன்.

“யாரு, கால அட்டவணையா? வாங்க” என்றார். ரயில்வே கால அட்டவணைப் பிரிவிலிருந்து நான் ஓய்வு பெற்றுப் பதினாறு வருடமாகிறது, அந்தப் பட்டப்பெயர் மட்டும் இன்னும் பணியில் இருக்கிறது. விஷயத்தைச் சொன்னேன். துடைத்துக்கொண்டிருந்த கண்ணாடியைக் கீழே வைத்துவிட்டார்.

“தொடக் கூடாது. அந்த மூணு செகண்டுல உங்க தம்பி என்னைப் பாத்துச் சிரிச்சான் சார். நானும் சிரிச்சேன். வாசிக்கும்போது நாங்க நிமிந்து மூஞ்சி பாத்துக்கிட்டது அந்த ஒரு தடவைதான்.”

“அப்புறம் ஏன் சண்டை போட்டீங்க?”

“நீங்கதானே சார் ஸ்டாப் வாட்ச் வெச்சுத் தீர்ப்பு சொன்னீங்க? தப்பு யாருதுன்னு நான் சும்மா கிண்டலுக்குக் கேட்டேன். நீங்க நாலு பக்கம் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்தீங்க.” கண்ணாடியை மறுபடி எடுத்துத் துடைத்தபடி, “அவன் நேர்ல வந்து அழின்னு சொல்லட்டும். போட்டுத் தரேன் கையெழுத்து” என்றார்.

ஆகவே மூன்றாவது. நான்கு பக்கம் இல்லை, மூன்றரைதான். அதில் ஒரு வரியையும் மாற்ற என்னால் முடியவில்லை, தம்பி. உருப்படியின் ஒன்பது பகுதிக்கும் ஒன்பது அட்டை எழுதி, ஒலிப்பதிவன்று கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் நின்று உனக்கு ஒவ்வொன்றாகத் தூக்கிக் காட்டியவன் நான். பகுதி மாறும் இடங்களை என்னைத் தவிர யார் அறிவார்? ஆறாவது முடியுமுன் நீ ஏழாவதுக்குத் தாவிவிட்டாய். சொந்தத் தம்பி என்று நான் தாட்சண்யம் பார்த்திருந்தால் உலகம் என்ன சொல்லும் என்று பயந்தேன். உலகத்துக்கு அப்படி ஒரு குழு இருந்ததே தெரியாது என்பது அப்போது எனக்குத் தோன்றவில்லை. தீர்ப்பைப் படித்துவிட்டு நீ “சரிண்ணா” என்றாய். அவ்வளவுதான். டிரம்ஸை உறையில் போட்டுக் கட்டினாய், ஊரை விட்டுப் போனாய், குழுவும் கலைந்தது. அதன்பின் நீ இந்த வீட்டுக்கு வந்தது மூன்று முறை, மூன்று முறையும் செருப்பைக் கழற்றவில்லை.

நான்காவதுக்கு விளக்கம் தேவையில்லை. அழித்துவிட்டால் யார் பேரிலும் பழி இல்லை. நீ போட்டு அனுப்பினால் கடைக்காரரை நான் எப்படியாவது சம்மதிக்கவைக்கிறேன், எப்படி என்று இன்னும் தெரியவில்லை.

குழந்தைகளுக்கு என் ஆசிகள். உன் மனைவிக்கு என் அன்பு. உன் மாணவர்கள் பிரேக் எது என்று மறக்காமல் இருக்கட்டும்.

இப்படிக்கு,
உன் அண்ணன்

பின்குறிப்பு: கவரை ஒட்டுவதற்குமுன் இன்று காலை கடைசியாக ஒருமுறை போய்ச் சரிபார்த்தேன். அந்தப் பெண் உன் டிரம்ஸை மட்டும் தனியே பிரித்துப் போட்டாள். “உங்க தம்பி வாசிக்கும்போது தனக்குத்தானே பேசுவாரா?” என்று கேட்டாள். தலைக்கு மேலே இருந்த மைக்கில் உன் குரல் விழுந்திருக்கிறது. முணுமுணுவென்று எண்ணிக்கொண்டே வருகிறாய். ஆறாம் நிமிடத்தில், “ஆறு இன்னும் ரெண்டு சுத்து இருக்கே. அண்ணன் ஏழு காட்டுறாரு. சரி, அண்ணன் காட்டினா ஏழுதான்” என்று சொல்லிவிட்டுத் தாவுகிறாய்.

மூன்று முறை போடச் சொன்னேன். அந்தப் பெண் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

இது தெரிந்துமா “சரிண்ணா” என்றாய்? என் மூன்றரைப் பக்கத்தையும் வாங்கிப் படித்துவிட்டு, ஒரு வார்த்தை சொல்லாமலா போனாய்?

படிவத்தைக் கவரிலிருந்து எடுத்துவிட்டேன். கையெழுத்து வேண்டாம். நீ வா, வந்து நாலு நாள் இரு. கடைக்காரரிடம் நானே போய்ச் சொல்லிவிட்டேன், சிரிக்கிறார், கண்ணாடியைக் கழற்றிக் கழற்றித் துடைக்கிறார். மேலே மூன்றாவதாக எழுதியது தவறு. இடறியது நீ இல்லை, நான்.