கண்ணை மூடித் திறப்பதற்குள் ஆகிற சூப்

அன்புள்ள அத்தைக்கு,

உங்கள் தம்பி மகள் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் சௌக்கியம். நீங்கள் சௌக்கியமா என்று கேட்பதுதான் முறை. ஆனால் இன்று காலையிலிருந்து எங்கள் சமையலறையில் போன் வழியாக உங்கள் குரல் கேட்டுக்கொண்டே இருந்ததால், நீங்கள் நல்ல தெம்போடு இருக்கிறீர்கள் என்பது எங்கள் மாடிவீட்டுக்காரர்களுக்கும் தெரிந்துவிட்டது. இதையெல்லாம் போனிலேயே சொல்லியிருக்கலாம். நீங்கள் மூச்சு விடுகிற இடம் பார்த்துப் பேச்சில் நுழைவதற்கு எனக்கு இன்னும் பழக்கம் வரவில்லை. அதனால்தான் கடிதம்.

மாமா வந்ததும் நான் முதலில் பார்த்தது அவருடைய சட்டைப் பையைத்தான். மற்றவர்கள் பேனா செருகுகிற இடத்தில் ஒரு ஸ்பூன் செருகியிருந்தார். கிடங்கில் மேற்பார்வை பார்த்து ஓய்வு பெற்றவர் அல்லவா, சரக்கைச் சோதிக்க வந்தவர் போலவே வந்தார். செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே “சூப் ஆயிடுச்சா?” என்றார். அம்மா, “இப்பத்தான் கடையிலேருந்து காய் வந்திருக்கு. உக்காருங்கண்ணா” என்றாள். வீட்டில் கைப்பிடி வைத்த நாற்காலி ஒன்றுதான் உண்டு. அதைத் தூக்கிச் சமையலறை வாசலிலேயே போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். அதற்கப்புறம் உப்பு எடுக்கப் போனாலும் தண்ணீர் எடுக்கப் போனாலும் நாங்கள் எல்லோரும் அவருடைய முழங்காலைத் தாண்டித்தான் போய்வந்தோம்.

மாமா எதற்காக வந்தார் என்பது உங்களுக்குத் தெரியும். ஆனாலும் எனக்கு அது எப்படிப் புரிந்தது என்று எழுதிவிடுகிறேன். போன வாரம் நீங்கள் அப்பாவிடம், “பொண்ணு ஒன்பதாவதோட நின்னுட்டா. படிப்பும் இல்ல, வேலையும் இல்ல, சும்மாதானே இருக்கா, இங்க அனுப்பிடு. வேலைக்காரின்னா நெனைக்கப் போறேன்? எம் பொண்ணு மாதிரி வெச்சுக்கறேன்” என்றீர்கள். உங்கள் பெண் தண்ணீர் குடிக்கத் தவிர வேறெதற்கும் சமையலறைக்குள் போனதில்லை என்பதால், அந்த ‘மாதிரி’யைக் கேட்டு எனக்குச் சந்தோஷமாகவே இருந்தது. அப்பா “பாக்கலாம்க்கா” என்றார். அவர் உங்களிடம் முடியாது என்று சொல்லி நான் கேட்டதில்லை, அம்மாவும் கேட்டதில்லை, சொன்னதாக அப்பாவுக்கே ஞாபகம் இல்லை. இதே சமயத்தில் தெருக்கோடி அச்சகத்தில், தாள் மடித்துத் தைக்கிற பிரிவில், திங்கட்கிழமையிலிருந்து என்னை வரச் சொல்லியிருந்தார்கள். இயந்திரம் போடுகிற சத்தத்தில் அங்கே யாரும் யாரோடும் பேச முடியாது. எனக்கென்றே கட்டியது போன்ற இடம். நீங்கள் என்னை வரச் சொன்னதும் அதே திங்கட்கிழமைதான். அப்பா இரண்டு பக்கமும் தலையாட்டிவிட்டு, “மொதல்ல அத்தான் வந்து சூப்பைச் சாப்ட்டுப் பாக்கட்டும்” என்றார். சூப் நன்றாக வந்தால் உங்கள் வீடு, வராவிட்டால் அச்சகம் என்று நான் எடுத்துக்கொண்டேன். சூப்பைக் கெடுக்க வேண்டும் என்று நான் நினைக்கவில்லை அத்தை. நீங்கள் சொன்னதை ஒரு சொல் மாற்றாமல் செய்தாலே போதும் என்று நம்பினேன்.

நீங்கள் போனில் பேசி அனுப்பிய செய்முறையைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன். “நறுக்கி வெச்ச வெங்காயம், நறுக்கி வெச்ச காரட்டு, நறுக்கி வெச்ச பீன்ஸு, கோஸு, தக்காளி, உரிச்சு வெச்ச பூண்டு. எல்லாத்தையும் போட்டு வதக்கு, தண்ணிய ஊத்து, கொதி வந்ததும் ஒரு கை பாஸ்தா போடு, மிளகுப்பொடி தூவி எறக்கு. கண்ண மூடித் தெறக்கறதுக்குள்ள ஆயிடும்டி.” நறுக்குவது எந்த இடத்தில் வருகிறது என்றுதான் தேடினேன். வரவே இல்லை. கடைக்காரர் எங்களுக்குக் கொடுத்த காரட் முழுசாக இருந்தது, பூண்டு தோலோடு இருந்தது, கோஸில் ஒரு புழுவும் இருந்தது. உங்கள் ஊர்க் காய்கள் நறுக்கின மாதிரியே காய்க்கின்றன போலிருக்கிறது. எனக்கு வாய் வராததால் அம்மாதான் மாமாவிடம் கேட்டாள்.

“அண்ணா, அங்க அண்ணி காயெல்லாம் எப்ப நறுக்குவாங்க?”

மாமா சட்டைப் பையில் இருந்த ஸ்பூனைச் சரிசெய்துகொண்டார். “நறுக்கி இருக்கும்மா. தட்டுல இருக்கும்.”

“தட்டுக்கு யாரு கொண்டுவருவா?”

“முன்ன ஒரு பொண்ணு வந்துட்டு இருந்தா. போன மாசம் நின்னுட்டா.”

அம்மா என்னைப் பார்த்தாள். நான் காரட்டைப் பார்த்தேன்.

அப்புறம் நறுக்க உட்கார்ந்தோம். அப்பா மின்சார வேலை செய்கிறவர் என்பதால் பீன்ஸை ஒயர் மாதிரி நீட்டிப் பிடித்து, நாரை ஒரே இழுப்பில் உரித்து, இரண்டு முனையையும் ஒட்ட வெட்டி, எல்லாம் ஒரே நீளமாக இருக்கிறதா என்று அடுக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு பிடி பீன்ஸ் முடிவதற்குள் நான் மற்ற எல்லாவற்றையும் முடித்துவிட்டேன். காரட்டைப் பொடியாக நறுக்கச் சொன்னார் மாமா, பல்லுக்கு ஆகாது என்று. “பெருசாவே போடச் சொல்லுங்க, வயிறு ரொம்ப வேணாமா?” என்று மாமாவின் முழங்கால் மேலிருந்த போனிலிருந்து நீங்கள் சொன்னீர்கள். நான் இரண்டு பேருக்கும் கீழ்ப்படிந்து பாதியைப் பொடியாகவும் பாதியைப் பெரிதாகவும் போட்டேன். பொடியானது கரைந்து காணாமல் போயிற்று, பெரியது கடைசிவரை பல்லோடு சண்டை போட்டது. நடுநடுவே மாமா உங்களுக்கு நிலவரம் சொன்னது உங்களுக்கே நினைவிருக்கும்.

“இப்ப என்ன பண்றா?”

“வெங்காயம். கண்ணத் தொடச்சுக்கறா.”

“அழட்டும். பழகிடும்.”

இந்த ஆறுதலுக்கு நன்றி அத்தை.

பாஸ்தா போடுகிற நேரம் வந்தது. சங்கு மாதிரி சின்னச் சின்னதாக இருந்தது, பார்க்க ஒரு கெடுதலும் தெரியவில்லை. ஒரு கை என்றீர்கள், யாருடைய கை என்று சொல்லவில்லை. நான் என் கையால் ஒரு கை போட்டேன். விருந்தாளிக்குக் காணாதே என்று அம்மா எனக்குத் தெரியாமல் ஒரு கை போட்டாள். அத்தான் முன்னால் குறைச்சலாக இருக்கக் கூடாதென்று அப்பா அம்மாவுக்குத் தெரியாமல் ஒரு கை போட்டார். மாமா எழுந்து பாத்திரத்தை எட்டிப் பார்த்து, “என்ன ஒண்ணையும் காணும்?” என்று எல்லோருக்கும் தெரியவே ஒரு கை போட்டார். மாமாவின் கை கிடங்கில் மூட்டைக்குள் விட்டுச் சரக்கை அள்ளிப் பார்த்துப் பழகிய கை.

ஆனால் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன், அடுப்பை அணைத்தபோது அந்தச் சூப் நன்றாகவே இருந்தது. தக்காளி கரைந்து சிவப்பாக, பூண்டு வாசனையோடு, கரண்டியில் எடுத்தால் காயும் சங்கும் மிதந்துகொண்டு வந்தன. அந்த நிமிடமே எல்லோரும் உட்கார்ந்திருந்தால் நான் இன்று வேறு கடிதம் எழுதியிருப்பேன். அண்ணன் இன்னும் வேலையிலிருந்து வரவில்லை. மாமா வந்திருக்கும்போது பிள்ளை இல்லாமல் எப்படிச் சாப்பிடுவது என்று அம்மா அவனுக்குப் போன் செய்தாள். “வந்துக்கிட்டே இருக்கேம்மா” என்றான். செல்போன் பழுது பார்க்கிற கடையில் உட்கார்ந்தபடியே அவன் இதைச் சொல்வது எங்களுக்குப் பழகிப்போனது, பின்னால் ஒரு வாடிக்கையாளர் அவனைத் திட்டுவதும் கேட்டது. மாமா, “அவனும் வரட்டும். சூப் எங்க ஓடிடப் போவுது?” என்றார். மாமா சொன்னது சரியாகப் போயிற்று. கொஞ்ச நேரம் கழித்து மூடியைத் திறந்தபோது சூப் ஓடுகிற நிலையில் இல்லை. எல்லாத் தண்ணீரையும் பாஸ்தா குடித்துவிட்டுக் கட்டைவிரல் கனத்துக்கு ஊதிக் கிடந்தது. மாமா பையிலிருந்த ஸ்பூனை எடுத்து நடுவில் குத்திவிட்டுக் கையை எடுத்தார். ஸ்பூன் விழவில்லை.

“தண்ணி ஊத்து” என்றீர்கள். ஊற்றினேன். சப்பென்று ஆயிற்று. “உப்புப் போடு.” போட்டேன். கரித்தது. “ஒரு உருளைக்கிழங்கை வெட்டிப் போடு, உப்ப இழுத்துக்கும்.” நறுக்கி வைத்த உருளைக்கிழங்கு இல்லாததால் அதையும் உட்கார்ந்து நறுக்கிப் போட்டேன். அது உப்பையும் இழுத்தது, மிச்சமிருந்த தண்ணீரையும் இழுத்தது. மறுபடியும் தண்ணீர். பாத்திரம் கொள்ளாமல் பெரிய பாத்திரத்துக்கு மாற்றினோம், அதுவும் கொள்ளாமல் கடைசியில் குளிக்கத் தண்ணீர் காய்ச்சுகிற குண்டானுக்கு வந்து சேர்ந்தோம். மாடிவீட்டுக்கு ஒரு கிண்ணம், எதிர்வீட்டுக்கு ஒரு கிண்ணம் என்று அப்பா ஏறி இறங்கினார். எதிர்வீட்டுத் தையல்காரர், “ரொம்ப நல்லா இருக்கு, இதுக்குப் பேரென்ன?” என்று கேட்டனுப்பினார். கொடுக்கக் கொடுக்கக் குண்டானில் அளவு குறையவில்லை. அண்ணன் அப்போதுதான் வந்தான். எட்டிப் பார்த்து, “சூப்பா? நான் வெளியிலயே சாப்ட்டுட்டேனே” என்றான்.

மாமா இரண்டு கிண்ணம் சாப்பிட்டார். சாப்பிடும்போது அவர் முகம் போன போக்கைப் பார்த்து எனக்கு நிம்மதியாக இருந்தது. நான் தோற்றுவிட்டேன், நாளைக்கு அச்சகம் என்று நினைத்துக்கொண்டே பாத்திரத்தை ஊற வைத்தேன். அப்போதுதான் அவர் போனை எடுத்து உங்களிடம் சொன்னார். “சூப் ஒண்ணும் சரியில்ல. ஆனா பொண்ணு நல்ல பொண்ணு. வந்ததுலேருந்து பாக்கறேன், வாயத் தொறக்கல. எத்தன தடவ ஊத்தச் சொன்னாலும் ஊத்தறா.” அதற்கு நீங்கள், “அப்ப நாளைக்கே பஸ் ஏத்திவிடச் சொல்லுங்க. சூப்ப நான் கத்துக் குடுத்துக்கறேன்” என்றீர்கள். நான் சூப்புக்குப் பரீட்சை எழுதிக்கொண்டிருந்தேன் அத்தை, நீங்கள் இரண்டு பேரும் மார்க் போட்டது வேறு பாடத்துக்கு.

அம்மா அப்பாவிடம், “உங்கக்காவுக்குக் காய் நறுக்கத்தான் ஆள் வேணும்னா, நல்ல கத்தியா ஒண்ணு வாங்கி அனுப்புங்க” என்றாள்.

“மெதுவாப் பேசு. அத்தான் காதுல விழும்.”

“விழட்டும்னுதான் பேசறேன்.”

மாமா காதில் விழுந்தது. மிச்சச் சூப்பை ஒரு டப்பாவில் போட்டுத் தரச் சொல்லி வாங்கிக்கொண்டு கிளம்பினார். உங்களிடம் அதை அவர் வருகிற வழியிலேயே யாருக்கோ கொடுத்துவிட்டதாகச் சொல்லியிருந்தால் நம்ப வேண்டாம். டப்பாவிலிருந்து அதை வெளியே எடுப்பது அவ்வளவு சுலபம் இல்லை. இன்னொன்று, உங்கள் வீட்டில் எல்லோரும் ஒரே நேரத்தில் சாப்பிட உட்காருவதில்லை என்றால், பாஸ்தாவைத் தனியாக வேக வைத்து வைத்துக்கொள்ளுங்கள். ஆள் வந்து உட்கார்ந்த பிறகு கிண்ணத்தில் போட்டு, மேலே சூப்பை ஊற்றினால் போதும்.

இதுவரை நானாக எழுதியது. இப்போது அப்பா வந்து பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார். மேலே என்ன எழுதியிருக்கிறாய் என்று கேட்டார். சூப்பைப் பற்றி என்றேன். “நல்லது, அக்காவுக்குப் பிடிக்கும்” என்றார். இனி அவர் சொல்லச் சொல்ல எழுதுகிறேன். மாமா இவ்வளவு தூரம் வந்து எங்கள் எளிய சூப்பைச் சாப்பிட்டதில் எங்களுக்கு மிகுந்த மகிழ்ச்சி. தாங்கள் விரும்பியபடியே நாளைக் காலை பஸ்ஸில் நான் புறப்பட்டு வருகிறேன். என்னைத் தங்கள் மகளாகவே பாவித்து, குற்றம் குறை இருந்தால் எடுத்துச் சொல்லித் திருத்த வேண்டும். மாமாவுக்கு வயிறு நல்லபடியாக இருக்க வேண்டிக்கொள்கிறோம். பெரியவர்களுக்கு எங்கள் வணக்கமும், சின்னவர்களுக்கு எங்கள் அன்பும் என்றும் உண்டு.

தங்கள் சொல்லைத் தட்டாத,
தம்பி மகள்

பின்குறிப்பு: இன்று திங்கட்கிழமை மதியம். அச்சகத்துப் பின்பக்கப் படியில் உட்கார்ந்து இதைச் சேர்க்கிறேன். நான் வரவில்லை அத்தை. காலையில் அப்பா என் துணிப்பையை வாசலில் கொண்டுவந்து வைத்து, “பஸ்ஸுக்கு நேரமாச்சும்மா” என்றார். “நான் போகலப்பா” என்றேன். அவருக்குக் கேட்கவில்லை. மறுபடியும் சொன்னேன். உள்ளே குண்டானைத் தேய்த்துக்கொண்டிருந்த அம்மா தேய்ப்பதை நிறுத்திவிட்டாள், அந்த அளவுக்குச் சத்தமாக வந்துவிட்டது. அப்பா பையைத் தூக்கி மறுபடியும் அதே இடத்தில் வைத்தார். “அக்காகிட்ட நான் என்னம்மா சொல்றது?” என்றார். “நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம். நானே எழுதிடறேன்” என்றேன். துணிப்பையை உள்ளே கொண்டுபோய் வைத்தேன், தலையை வாரிக்கொண்டு அச்சகத்துக்கு நடந்தேன்.