சயனைட் மலை வாத்து

எதையும் அரைகுறையாகத் தெரிந்து வைத்திருப்பவர்களால் வாயை மூடிக்கொண்டு இருக்க முடியாது. நான் அந்த ரகம். பெங்களூரு வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் ரயிலில் வீடியோ பார்த்தே (பார்த்தது மட்டும்தான்) பறவை நிபுணர் ஆனவள்.

அம்மா போன பிறகு அப்பா பேச்சையே நிறுத்திவிட்டார். தங்கச் சுரங்கத்தில் வேலை பார்த்தவர். அந்தக் காலத்தில் ஷிப்ட் முடிந்து வந்தால் வாய் ஓயாமல் கதை சொல்வார், அம்மா சமையலறையில் நின்றபடியே விழுந்து விழுந்து சிரிப்பாள். இப்போது சாப்பாடு, மாத்திரை, சுவர். அம்மாவின் பின்னாலேயே இவரும் போய்விடுவாரோ என்று எனக்குப் பயமாக இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, எங்கள் ஊரிலேயே பாலகாட் பக்கம் ஒரு குட்டையோரம் கூஸ் எனும் பெரிய வாத்துகள் நிற்பதைப் பார்த்தேன். வீட்டுக்கு ஓடி, அப்பாவை இழுத்து ஸ்கூட்டரில் ஏற்றிக்கொண்டு வந்தேன்.

"நல்லா பாருப்பா. தலைக்குப் பின்னால ரெண்டு கறுப்புப் பட்டை இருந்தா பட்டைத்தலை வாத்து, இமயமலையத் தாண்டி வர்றது. மூக்கு மேல புடைப்பு இருந்தா சீனா வாத்து, வீட்டுல வளக்கிறது. இதுங்களுக்கு ரெண்டும் இல்ல. ஒடம்பு சாம்பல், மூக்கு ஆரஞ்சு. சாம்பல் வாத்துப்பா. சைபீரியாவுல இருந்து வந்து கீது."

அப்பா தலையை மட்டும் ஆட்டினார். நான் போட்டோ எடுத்து, பறவை பார்க்கிறவர்களின் வாட்ஸ்அப் குழுவுக்கு அனுப்பியும் விட்டேன் (அவசரக்குடுக்கை). அதற்குள் சைபீரிய விருந்தாளிகள் தண்ணீரில் இறங்கின. முங்கி எழுந்தபோது முதல் வாத்து பாதி வெள்ளை. அடுத்தது முழு வெள்ளை.

பின்னால் ஓர் அம்மாள் பக்கெட்டோடு வந்து நின்றார். "இன்னாம்மா, எங்கூட்டு வாத்துங்கள படம் புடிக்கிற?"

"சாம்பலா இருந்துச்சுங்களே..."

"சயனைட் மலையில பொரண்டுட்டு வந்து கீதுங்க. இதுங்களோட தெனம் இதே ரோதன."

(சயனைட் போட்டுத் தங்கம் எடுத்த பிறகு கொட்டிய அந்தச் சாம்பல் நிற மண்மேட்டுக்குக் கீழே பிறந்து வளர்ந்தவள் நான். காற்றடித்தால் எங்கள் வீட்டுத் துணியெல்லாம் சாம்பல்தான். அது அன்றைக்கு ஞாபகத்துக்கு வரவில்லை.)

பக்கத்தில் ஏதோ சத்தம். அப்பா சிரித்துக்கொண்டிருந்தார். சிரிப்பு இருமலாகி, இருமல் அழுகையாகிவிட்டது. "உங்கம்மா இருந்திருந்தா இன்னா சிரிப்பு சிரிச்சிருப்பா" என்றார். நானும் அழுதேன். அந்த அம்மாள் பாவம், பக்கெட்டைக் கீழே வைத்துவிட்டு, "கோச்சிக்காதீங்க, வோணும்னா இன்னொரு படம் எடுத்துக்கோங்க" என்றார்.

அன்று முதல் அப்பா பேசுகிறார். யார் வீட்டுக்கு வந்தாலும் இந்தக் கதைதான். சொந்தக்காரர்களுக்கு என் பெயரே சைபீரியா. வாத்து வெள்ளையாகும் இடம் வந்ததும் மட்டும் அப்பா நிறுத்திவிட்டு, சமையலறைப் பக்கம் திரும்புவார். வந்தவர்கள் சிரித்து முடிக்கும்வரை அங்கேயே பார்த்துக்கொண்டிருப்பார்.