என் முகத்துக்கு ஒரு சாட்சி

7, கொல்லியரி ரோ,
டர்ஹாம் மாவட்டம்,
செப்டம்பர் 24, 2025.

அன்புத் தங்கை கிளெண்டாவுக்கு,

அண்ணன் ட்ரெவர் எழுதிக்கொள்வது. இங்கே நான், உன் அண்ணி மொரீன், நாய் பிக்கிள் மூவரும் இருக்க வேண்டிய அளவுக்கு நன்றாக இருக்கிறோம். என் இடது முழங்கால் மட்டும் தனிக்கட்சி. அங்கே நீயும் வருங்கால மாப்பிள்ளை ரமோனும் ஸ்பெயின் வெயிலில் கருகாமல் சுகமாக இருக்க வேண்டும் என்பதே எங்கள் ஆசை. நீ அனுப்பிய ஆலிவ் எண்ணெய் வந்து சேர்ந்தது. மொரீன் அதைப் பின்கதவுக் கீலுக்குப் போட்டாள், கதவு இப்போது மூச்சுக்கூட விடுவதில்லை. ரமோனுக்கு நன்றி சொல்.

விஷயத்துக்கு வருகிறேன். அடுத்த மாதம் பதினெட்டாம் தேதி உன் கையைப் பிடித்து அழைத்துப் போய் ரமோனிடம் ஒப்படைக்க வேண்டியவன் நான். "இந்தத் தடவையும் நீ வரலேன்னா, எனக்கு அண்ணனே இல்லேன்னு முடிவு பண்ணிருவேன்" என்று நீ தொலைபேசியில் சொன்னது இன்னும் என் காதிலேயே நிற்கிறது. உன் முதல் கல்யாணத்துக்கு நான் வராமல் போனதற்கு வேன் பழுதானதுதான் காரணம் என்று முப்பத்தேழு வருஷமாகச் சொல்லி வருகிறேன். அன்றைக்கு நம் ஊர் லீக் வெங்காயத்தாள் வளர்ப்புப் போட்டி நடந்தது என்பதும், போட்டி நடந்த மன்றத்து வாசல் வரைக்கும் அந்த வேன் அருமையாக ஓடியது என்பதும் உனக்குத் தெரியும். உனக்குத் தெரியும் என்பது எனக்கும் தெரியும். அதனால்தானே இந்தக் கல்யாணத்தைப் போட்டி முடிந்து ஐந்து வாரம் கழித்து வைத்திருக்கிறாய்! ஆகையால் இனி நான் எழுதப்போவதில் ஒரு சொல்கூடச் சாக்கு இல்லை. சந்தேகம் இருந்தால் மொரீனைக் கேட்டுக்கொள்.

ஆகஸ்ட் கடைசியில் மொரீன், "மொதல்ல பெட்டிய எடுத்து அடுக்கு, மத்தத அப்புறம் பாக்கலாம்" என்றாள். பாஸ்போர்ட் இருக்கிறதா இல்லையா என்று தெரியாமல் பெட்டியை அடுக்குகிறவன் முட்டாள் என்று நான் சொன்னேன். சமையலறை இழுப்பறையைக் கவிழ்த்துப் பார்த்தால், பழைய பேட்டரிகளுக்கும் தபால் ரசீதுகளுக்கும் நடுவில் என் பாஸ்போர்ட் கிடைத்தது. தேதியைப் பார்த்தேன். செத்து ஐந்து வருஷமாகியிருந்தது. போதாததற்கு அட்டையில் ஒரு மூலையையே காணோம். இது பிக்கிளின் வேலைதான் என்று உடனே தெரிந்துவிட்டது. மொரீன் மட்டும், "நாய் கடிச்சா இவ்ளோ நேரா இருக்குமா? ஸ்கேல் வெச்சா கடிக்கும்?" என்று அதற்கு வக்காலத்து வாங்கினாள். நான் விட்டுக்கொடுக்கவில்லை. இரண்டு நாளைக்கு அதற்கு சாஸேஜ் கிடையாது என்று தீர்ப்பு சொன்னேன். அது என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. குற்ற உணர்ச்சி என்று நினைத்துக்கொண்டேன்.

புதுப்பிக்கிறது இப்போது ரொம்பச் சுலபம், வீட்டிலிருந்தே செய்யலாம் என்றார்கள். செய்யலாம்தான், முகம் சரியாக இருந்தால். மொரீன் என்னைச் சமையலறைச் சுவரோடு ஒட்டி நிற்க வைத்துப் போனில் படம் எடுத்தாள். சிரிக்கக் கூடாதாம், முறைக்கவும் கூடாதாம், வாயைத் திறக்கக் கூடாதாம். "நாப்பது வருஷமா நான் கேட்டது இதைத்தான், அவங்க சொன்னாத்தான் நீ கேப்பியா?" என்றாள். படத்தைப் போட்டால், முகத்துக்கும் பின்னாலிருக்கும் சுவருக்கும் வித்தியாசம் தெரியவில்லை என்று பதில் வந்தது. நம் சுவர் வெளிர் நிறம், என் தாடியும் வெளிர் நிறம், அது சுவரோடு கலந்து நெஞ்சு வரை இறங்கிப் போகிறது. படத்தில் இரண்டு கண்ணும் ஒரு மூக்கும் மட்டும் சுவரிலிருந்து எட்டிப் பார்த்தன. வேறு சுவருக்கு முன்னால் போய் நின்றிருக்கலாம் என்று இப்போது நீ சொல்வாய். எனக்கு இப்போதுதான் தோன்றுகிறது. ஆனால் மொரீன் அந்தத் தாடியோடு முப்பது வருஷமாகத் தகராறில் இருப்பவள். கத்திரிக்கோல் ஏற்கெனவே அவள் கையில் இருந்தது, எப்போது எடுத்தாள் என்று எனக்குத் தெரியாது.

தாடி போனது. பிக்கிள் என்னைப் பார்த்துக் குரைத்தது. எதிர்வீட்டு ஆட்ரி, மொரீனிடம் "வீட்டுக்கு விருந்தாளியா?" என்று கேட்டாளாம், அதுவும் கொஞ்சம் ஆவலாக. புதுப் படம் ஒரே தடவையில் தேறிவிட்டது. பழைய பாஸ்போர்ட்டையும் தபாலில் அனுப்பி வைத்தோம். ஆனால் பழைய படத்திலிருக்கும் காட்டுமனிதனும் புதுப் படத்திலிருக்கும் உரித்த உருளைக்கிழங்கும் ஒரே ஆள்தான் என்று யாராவது உறுதி சொல்ல வேண்டும் என்றார்கள். நியாயம்தானே, எனக்கே அதில் சந்தேகம் இருந்தது. உறுதி சொல்கிறவர் என்னை இரண்டு வருஷமாவது அறிந்தவராக இருக்க வேண்டும், சொந்தக்காரராக இருக்கக் கூடாது, மதிப்பான தொழில் பார்ப்பவராகவும் கையில் செல்லுபடியாகும் பாஸ்போர்ட் வைத்திருப்பவராகவும் இருக்க வேண்டும். பட்டியலைப் பார்த்தேன். நம் ஊரில் மதிப்பான தொழில் பார்க்கிறவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம், அதில் என்னோடு பேசுகிறவர்களை எண்ணக் கட்டைவிரலே அதிகம்.

பாதிரியார் வந்து ஒன்றரை வருஷம்தான் ஆகிறது. பப் நடத்தும் கெவின், "ஒனக்கு நான் சாட்சி சொல்றது இருக்கட்டும், என் பாஸ்போர்ட்டே போன வருஷம் செத்துருச்சு. எனக்கு யாரு சொல்லுவா?" என்று என்னிடமே கேட்டான். டாக்டர் ஹார்ட்லியம்மாவிடம் போனேன். டாக்டர் என்றால் வெறும் டாக்டராக இருந்தால் போதாதாம், எனக்கு நண்பராகவும் இருக்க வேண்டுமாம்.

"அப்போ நான் உங்க ஃப்ரெண்டுன்னு எழுதிக் குடுக்கணும்" என்றார் அந்த அம்மா.

"ஆமா டாக்டர்."

"ட்ரெவர், பதினோரு வருஷமா நான் சொன்னதுல ஒண்ணாவது கேட்டிருக்கீங்களா? உப்பைக் குறைங்கன்னேன், குறைச்சீங்களா? நடங்கன்னேன், நடந்தீங்களா?"

"லீக் பாத்தி வரைக்கும் நடக்குறேனே."

"வெங்காயத்தாள மனுஷத் தொடை கனத்துக்கு வளத்து அதுக்குக் கோப்பை வாங்குற ஆளுங்கள நான் வைத்தியம்தான் பாக்க முடியும், ஃப்ரெண்டா வெச்சுக்க முடியாது. அடுத்தவங்கள உள்ள அனுப்புங்க."

மிச்சம் ஒரே ஒருத்தன். பட்டியலில் சவ அடக்கம் செய்கிறவர்களும் உண்டு. அதாவது, நைஜல் கிரவுதர். போட்டியில் மூன்று வருஷமாக என்னிடம் தோற்று இரண்டாவது இடத்திலேயே குடியிருப்பவன். ஆறு வருஷமாக நாங்கள் பேசிக்கொள்வதில்லை. என் பாத்திக்குள் நத்தைகளை விட்டது அவன்தான் என்று நான் மன்றத்தில் எல்லார் முன்னாலும் சொன்னேன், அதிலிருந்துதான். அவன் கடைப் பக்கம் போய்த் திரும்பி, போய்த் திரும்பி, மூன்றாவது தடவை உள்ளே நுழைந்தேன்.

"உக்காரு" என்றான், அந்தத் தொழில் குரலில். நான் பக்கத்திலிருந்த நீளப் பெட்டியின் மேல் உட்காரப் போனேன். "அதுல இல்ல, அது ஒருத்தருக்குன்னு சொல்லியாச்சு."

பிறகு கண்ணாடியை ஏற்றிக்கொண்டு என்னை ரொம்ப நேரம் பார்த்தான். "ஓ, நீயா? முப்பது வருஷமா அந்தப் புதருக்குப் பின்னாடி இதையா ஒளிச்சு வெச்சிருந்த? டேய், இது ஒன் மோவாயே இல்லடா. ஒங்கப்பா மோவாய்."

அவன் சொன்ன பிறகுதான் கிளெண்டா, அங்கிருந்த கண்ணாடியில் பார்த்தேன். அப்பா அப்படியே நின்றார். இவன் முன்னால் அழக் கூடாது என்று வந்த விஷயத்தை வேகமாகச் சொல்லி முடித்தேன். உன் கல்யாணம் என்றதும் அவன் முகத்தில் ஏதோ மாறியது. அது எனக்கு அப்போது புரியவில்லை.

"சொல்றேன். ஒரு லிங்க் வரும், அழுத்தி, இது இவன்தான்னு சொல்லணும், அவ்ளோதானே? செய்யுறேன். ஆனா ஒங்கப்பாவோட லீக் உரத்துல மூணாவதா ஒண்ணு போடுவீங்களே, அது என்னன்னு சொல்லிட்டுப் போ."

நீயும் நானும் அப்பாவும் தவிர இந்தப் பூமியில் யாருக்கும் தெரியாத ஒன்று! முதல் இரண்டும் ஊருக்கே தெரியும், ஆட்டுப் புழுக்கையும் புளித்துப்போன பீரும். மூன்றாவதை வெளியே விடமாட்டோம் என்று அப்பா நம் இருவரிடமும் சத்தியம் வாங்கவில்லையா? இந்தக் கடிதத்தில்கூட அதை எழுத மாட்டேன், நம் தபால்காரனும் லீக் வளர்க்கிறான். "ஒன் சாட்சிய ஒன் பெட்டிக்குள்ளயே போட்டு ஆணி அடிச்சுக்கோ" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

இரண்டு நாள் பாத்தியிலேயே நின்றேன். ஒரு பக்கம் லீக், ஒரு பக்கம் நீ. முப்பத்தேழு வருஷத்துக்கு முன்னால் இதே கேள்வி வந்தபோது நான் எந்தப் பக்கம் போனேன் என்பது உனக்குத் தெரியும். அன்றைக்கு முதல் பரிசு வாங்கினேன். பரிசை வாங்கும்போது நீ தனியாக நடந்து போயிருப்பாயே என்று ஒரு கணம் நினைத்தேன். அந்த ஒரு கணத்தை இவ்வளவு வருஷமாகியும் என்னால் விழுங்க முடியவில்லை. இதுவரை நான் உன்னிடம் சொன்னதில்லை, இப்போது சொல்கிறேன். நேரே நைஜலிடம் போனேன். அவனுடைய இரங்கல் அட்டை ஒன்றின் பின்பக்கத்தில் மூன்றாவது பொருளை எழுதி, மடித்து, அவன் கையில் கொடுத்தேன். அவன் பிரித்துப் பார்த்தான், தலையாட்டினான், பையில் போட்டுக்கொண்டான். பிறகு ஒற்றை விரலால் கணினியைத் தட்டி, எவ்வளவு காலமாகத் தெரியும் என்ற இடத்தில் 'அறுபது வருஷம், விருப்பமில்லாமல்' என்று அடித்தான். எண் மட்டும்தான் ஏற்றுக்கொள்ளப்படும் என்று வந்ததும் முகம் வாடிப்போய் வெறும் அறுபது என்று போட்டான்.

ஆகவே கிளெண்டா, உன் அண்ணன் அப்பாவுக்குக் கொடுத்த வாக்கை உடைத்துவிட்டான். உன் கல்யாணத்துக்காக உடைத்தான். பாஸ்போர்ட் நேரத்துக்கு வந்தால் நான் வருவேன், வராவிட்டாலும் இந்தத் தடவை நான் எந்தப் பக்கம் நின்றேன் என்று உனக்குத் தெரிந்திருக்க வேண்டும். மூன்றாவது பொருளை விற்றதற்காக உன்னிடம் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்கிறேன் (வலது முழங்காலால் மட்டும்). நீயும் ரமோனும் நீடூழி வாழ்ந்து, சண்டை போட்டு, சமாதானமாகி, மறுபடியும் சண்டை போட்டு நூறு வயது வரை இருக்க வேண்டும். மொரீன் தன் அன்பையும் தொப்பியின் நிறம் பற்றிய கேள்வியையும் தனியே அனுப்புவாள்.

எப்போதும் உன் அண்ணன்,
ட்ரெவர்

பின்குறிப்பு (செப்டம்பர் 26): உறையை ஒட்டுவதற்குள் பாஸ்போர்ட் அலுவலகத்திலிருந்து ஒரு அம்மா கூப்பிட்டார். ரொம்பத் தன்மையான குரல். "ஐயா, நீங்க அனுப்புனது ஏற்கெனவே ரத்தான பாஸ்போர்ட். பாருங்க, மூலைய வெட்டி நாங்கதான் திருப்பி அனுப்பியிருக்கோம். ஒங்களுக்குப் புதுசு ரெண்டாயிரத்து இருபதுலயே குடுத்தாச்சே. இன்னும் நாலரை வருஷம் செல்லும்." மால்டாவுக்குப் போகிறோம் என்று மொரீன் அந்த வருஷம் புதுப்பித்தாளே, பிறகு உலகமே கதவைச் சாத்திக்கொண்டதே, ஞாபகம் இருக்கிறதா? எனக்கு இல்லை. பெட்டியை இறக்கித் திறந்தோம். உள்பையில், மால்டா வரைபடத்துக்குள், ஒரு தடவைகூடத் திறக்காமல் பளபளவென்று இருந்தது. "மொதல்ல பெட்டிய அடுக்குன்னு சொன்னேன்" என்றாள் மொரீன். இதை இன்னும் நாலரை வருஷத்துக்குச் சொல்வாள். பிக்கிளுக்கு இரண்டு சாஸேஜ் கொடுத்து நேரில் வருத்தம் தெரிவித்தேன்.

அதன் பிறகு நேரே நைஜல் கடைக்கு ஓடினேன், "அட்டையத் திருப்பிக் குடுடா, சாட்சியே தேவையில்லாமப் போச்சு" என்று. அவன் பையிலிருந்து எடுத்துச் சிரித்துக்கொண்டே நீட்டினான்.

"வெச்சுக்கோ. இது எனக்கு எழுவத்தொம்பதுலயே தெரியும்டா. மன்றத்து டான்ஸ்ல ஒன் தங்கச்சி என் காதுல சொன்னா. அன்னைலேருந்து போட்டுப் பாக்குறேன், ஒரு லீக்கும் பெருக்கல. எல்லாம் ஒன் பாத்தி மண்ணு."

"பின்ன எதுக்குடா என்னைக் கேட்ட?"

"அவளுக்காக நீ இதைக் குடுப்பியா மாட்டியான்னு பாத்தேன். குடுத்துட்ட. அவகிட்ட வாழ்த்து சொன்னேன்னு சொல்லு."

புதிய பாஸ்போர்ட்டிலும் நான் தாடியோடுதான் இருக்கிறேன். மூன்று வாரத்தில் அது வளர வேண்டும். மூன்றாவது பொருளை மோவாயில் தடவிப் பார்க்கச் சொல்கிறான் நைஜல்.

ஆகவே கிளெண்டா, மேலே கேட்ட மன்னிப்பு முழுவதையும் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். மன்னிப்புக் கேட்க வேண்டியவள் நீ. தபாலில் அனுப்ப வேண்டாம். பதினெட்டாம் தேதி உன் கையைப் பிடித்து நடக்கும்போது நேரிலேயே வாங்கிக்கொள்கிறேன்.