சந்தனப் பொட்டு வைத்த பல்ப்பு

டார்ம்ஸ்டாட்டில் சீரும் சிறப்பும் சிக்கனமுமாய் வாழும் நிருஜன் மாமா அவர்களுக்கு,

பீலெஃபெல்டில் இருந்து மருமகள் தேனுஜா பணிவோடு எழுதிக்கொள்வது. இங்கு ஒரு பல்ப்பைத் தவிர அனைவரும் நலம். வட்ஸ்அப்பில் கேட்டால் வாசிச்சுப்போட்டு வாசிக்காத மாதிரி இருப்பியள் என்பதால் முத்திரை ஒட்டிக் கேட்கிறேன்.

வாற சனிக்கிழமை அம்மா அப்பாவின் முப்பதாவது கலியாண நாள். கலியாணப் படமெல்லாம் அப்பாவோட வேலை செய்த ஜெர்மன்காரர் எடுத்த, சுவரில விழுத்திப் பார்க்கிற ஸ்லைட்டில மட்டும்தான் இருக்கு. மண்டபம் எடுத்தாச்சு, சனத்துக்குச் சொல்லியாச்சு, கீழ நிலவறைக் கெல்லருக்குள்ள கிடந்த புரொஜெக்ரரைத் தூக்கிவந்து போட்டால் பல்ப்பு செத்துப்போச்சு. கழட்டி வைச்ச பல்ப்பை அம்மா குத்துவிளக்கோட சேர்த்துப் புளி போட்டுத் தேய்ச்சுவிட்டா. "விளக்கெண்டால் விளக்கத்தானே வேணும்" எண்டா. பளபளப்பு வந்தது, அதில இருந்த நம்பர் போச்சு. நம்பரில்லாப் பல்ப்போட பழைய கமெராக் கடைக்குப் போனம். கடைக்காரர் பூதக்கண்ணாடியால பார்த்து, ரண்டு கம்பிக் காலுக்கும் இடைவெளி அளந்து, "எத்தினை வோல்ற்?" எண்டார். அப்பா வீட்டில நிண்ட அம்மாவுக்குப் போன் அடிச்சார்.

"மிசினுக்குப் பின்னால என்ன எழுதியிருக்கு?"

"மேட் இன் ஜெர்மனி."

"அதுக்குக் கீழ, அம்மா தாயே!"

"இருபத்துநாலு. ஏன் கத்துறியள்?"

இந்தப் பல்ப்பு இப்ப செய்யிறதில்லையாம், கடைக்காரர் கடைசியா இருந்ததைத் தந்தார். "விரல் படக்கூடாது, எண்ணெய் பிடிச்சால் வெடிக்கும்" எண்டும் சொன்னார். அப்பா சொல்வழி கேட்டார், மாமா. துணியால பிடிச்சுத்தான் பூட்டினார். ஆனால் புதுச்சாமான் எல்லோ? விரல் படாமல், காது குடையிற குச்சியால கண்ணாடியில சந்தனப் பொட்டு வைச்சார். சுவிச்சைப் போட்டம். வீடு கோயில் மாதிரி மணத்தது. பிறகு 'டொப்'. கண்ணூறும் படேல்லை, கையும் படேல்லை, சந்தனம்தான் பட்டது. அம்மா ஸ்லைட்டுப் பெட்டியை மடியில வைச்சுக்கொண்டு இருக்கிறா. அதைத்தான் பார்க்க ஏலாமல் இருக்கு.

உங்கட அலுமாரிக்கு மேல அதே மாதிரிப் புரொஜெக்ரர், உயிருள்ள பல்ப்போட இருக்கு. மனம் வைச்சு, பொட்டு வைக்காமல், அதைக் கொண்டு வாங்கோ.

மாமிக்கும் அந்தப் பல்ப்புக்கும் எங்கள் நமஸ்காரம்.

அன்பு மருமகள்,
தேனுஜா

பி.கு.: கவரை ஒட்டமுதல் ஒரு செய்தி. பிளக்கைக் கழட்டாமல் மிசினைப் பெட்டிக்குள்ள வைக்கப்போன அப்பா, மிசின்ர பக்கவாட்டில இருந்த திருகியைப் பிடிச்சுத் திருகிப்போட்டார். உள்ளுக்குள்ளயே அவசரத்துக்கு மாத்தவெண்டு இன்னொரு பல்ப்பு இருந்திருக்கு, அது திரும்பிவந்து பக்கெண்டு எரியுது! உடன ஸ்லைட்டைப் போட்டம், முதல் படத்தில அம்மான்ர கழுத்தில தாலி ஏறுது. எல்லாரும் அரிசி எறியினம். பின்னால நீங்கள் மட்டும் பலகாரத் தட்டோட, வாயில ஒண்டு, கையில ரண்டு. அம்மா சிரிச்சுச் சிரிச்சு அழுகிறா. பல்ப்பு வேண்டாம் மாமா, நீங்கள் மட்டும் வாங்கோ. சுவர் நிறையத் தெரியிறியள்.