லொபக்கு என்னும் சொல்லைத் திரும்பப் பெறுவது குறித்து

பெருமதிப்பிற்குரிய தொழிற்சொல் அகராதி ஆசிரியர் அவர்களுக்கு,

மண் பரிசோதனைக் கூடத்தில் முப்பத்துமூன்று ஆண்டு வேலை பார்த்து ஓய்வு பெற்றவனும், தங்கள் அகராதிக்குச் சேறு தொடர்பான சொற்களைத் தொகுத்துத் தருவதாக ஒப்புக்கொண்டு இரண்டு முறை தவணை கேட்டவனுமாகிய நான் பணிவுடன் எழுதுவது. தாங்களும் தங்கள் இல்லத்தாரும் நலமென்றும், உதவி ஆசிரியரின் முதுகு இப்போது குனிய நிமிர விடுகிறதென்றும் நம்புகிறேன். நான் நலம் என்று எழுதுவதுதான் முறை. எழுதிவிட்டேன், அதோடு விடுங்கள். இந்தக் கடிதத்தைத் துணி துவைக்கும் இயந்திரத்தின் மேல் வைத்து நின்றுகொண்டே எழுதுகிறேன். உட்கார்ந்தால் இரண்டு நிமிடத்துக்கு மேல் இருப்புக்கொள்வதில்லை. எழுத்து அங்கங்கே கோணியிருந்தால் இயந்திரம் துணி பிழிகிறது என்று அறியவும்.

தாங்கள் கேட்ட சொற்களில் ஒரு குறையும் வைக்கவில்லை. சேறு, சகதி, தொளி, உளை, சதுப்பு, வண்டல் எல்லாவற்றையும் பொருளோடு எழுதி, ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் என்ன வித்தியாசம் என்று கண்ணால் பார்க்க வேண்டுமென்பதற்காக ஒவ்வொன்றிலும் ஒரு வாளி கொண்டுவந்து பால்கனியில் வரிசையாக வைத்திருக்கிறேன். அளறு என்றால் சேறு. பழைய தமிழில் நரகத்துக்கும் அதே பெயர். பெயர் வைத்தவர் மழைநாளில் கட்டட வேலை நடக்கிற இடத்தில் ஒரு நாளாவது நின்றிருக்க வேண்டும் என்று குறிப்பு எழுதினேன், உதவி ஆசிரியர் அடித்துவிட்டார். பங்கம் என்றாலும் சேறுதான், வடமொழிச் சொல். கீழ்வீட்டு அம்மாளுக்குத் தாமரையின் பெயர்களில் ஒன்று; அதற்கு நேர்ப் பொருள் சேற்றில் பிறந்தது என்பதாகும். இதை ஒரு நல்ல செய்தி என்று நினைத்து, லிஃப்டில் அவர்கள் உறவினர் நான்கு பேர் இருக்கும்போது சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து அந்த அம்மாள் படியில்தான் ஏறி இறங்குகிறார். பெயரை இங்கே எழுதவில்லை, உள்ள வம்பு போதும்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். சென்ற மாதம் நான் அனுப்பிய ஒரு சொல்லைத் திரும்பப் பெற வேண்டியிருக்கிறது. லொபக்கு. பொருள்: காலை விட்டுவிட்டுச் செருப்பை மட்டும் பிடித்துக்கொள்ளும் சேறு. இப்படி ஒரு சேறு இருக்கிறது, தங்களுக்கும் தெரியும், ஆனால் அதற்கென்று தமிழில் ஒரு பெயர் எனக்கு அகப்படவில்லை. எங்கள் வீட்டில் மட்டும் உண்டு. என் மகளுக்கு மூன்று வயதாக இருக்கும்போது என் பூட்ஸ் ஒன்று வாசலுக்கு எதிரே மாட்டிக்கொண்டது, நான் ஒற்றைக் காலில் நின்று அதைப் பிடுங்கினேன், பிடுங்கும்போது வந்த சத்தத்தைக் கேட்டு அவள் கைதட்டி வைத்த பெயர் அது. ல எழுத்தில் தமிழ்ச் சொல் தொடங்காது என்று உதவி ஆசிரியர் எழுதியிருந்தார். குழந்தை அப்போது இலக்கணம் படித்திருக்கவில்லை. அன்று முதல் எங்கள் வீட்டில் சேறு என்று யாரும் சொன்னதே கிடையாது. அவள் வளர்ந்து, படித்து, கட்டட இன்ஜினியராகி வெளியூர் போனபிறகும் நானும் என் மனைவியும் மழை பெய்தால் "கீழே லொபக்கா இருக்கும், பார்த்துப் போங்க" என்றுதான் பேசுகிறோம்.

ஒரு குடும்பச் சொல்லுக்கு எதற்கு இவ்வளவு பாடு என்று கேட்பீர்கள். சொல்லிவிடுகிறேன். நான் ஓய்வு பெறுவதற்கு முந்தைய வாரம் பரிசோதனைக்கு வந்த மண்ணில் ஒன்று அவள் வேலை பார்க்கும் இடத்திலிருந்து வந்தது, பள்ளிக்கூடக் கட்டடம். ஃபோன் பண்ணினாள். "அப்பா, கொஞ்சம் பார்த்து எழுதுங்க, வேலை நின்னா என் தலையிலதான் விடியும்" என்றாள். நானும் நன்றாகப் பார்த்துத்தான் எழுதினேன். மூன்று முறை சோதித்துவிட்டு "தாங்காது" என்று எழுதினேன். வேலை நின்றது, அவளுக்கு வரவேண்டிய பதவி உயர்வும் நின்றது. "உங்களுக்கு மண்ணைத்தான் தெரியும், மனுஷங்களைத் தெரியாது" என்று சொல்லி ஃபோனை வைத்தவள்தான், ஏழு மாதமாக என்னோடு பேசவில்லை. அம்மாவோடு மட்டும் பேசுகிறாள். ஃபோன் வந்ததும் என் மனைவி அதை எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போய்விடுவாள். நான் கதவுக்கு வெளியே செய்தித்தாளைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். "ம்... ம்... சாப்பிட்டாரு... ம்... இருக்காரு" என்பது மட்டும் கேட்கும். எனக்கு மகளோடு பேசாமல் இருக்க முடியவில்லை ஐயா. அகராதி அச்சானதும் அந்தப் பக்கத்தை மட்டும் கிழித்து, வேறு ஒரு வார்த்தையும் எழுதாமல், அவளுக்குத் தபாலில் அனுப்பலாமென்று நினைத்தேன்.

தங்கள் விதியோ, ஒரு சொல் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத மூன்று வீட்டாரின் வாயில் புழங்கினால்தான் உள்ளே வரும், அதற்குக் கையெழுத்திட்ட மூன்று சான்றுப் படிவம் வேண்டும் என்கிறது. சரி, சொல் புழங்கவில்லையென்றால் நாம் புழங்கவிட்டால் போச்சு என்று இறங்கினேன். முதலில் எங்கள் கட்டடத்துக் காவலாளி. இரண்டு வாரம் காலையும் மாலையும் அவர் முன்னால் போய் "கேட் பக்கம் ஒரே லொபக்கு, பார்த்தீங்களா?" என்றேன். அவரும் தலையாட்டினார். பலித்துவிட்டது என்று நான் நினைத்துக்கொண்டிருக்க, அவர் என் மனைவியைத் தனியாகக் கூப்பிட்டு, "சாருக்குப் பல்செட் சரியா உக்காரலையாம்மா? பேச்சு ஒரு மாதிரி வருது" என்று கேட்டிருக்கிறார். அடுத்து மருந்துக்கடைக்காரர். காலில் லொபக்கு பட்டு அரிக்கிறது என்றேன். அவர் கம்ப்யூட்டரில் தேடிவிட்டு, "அந்தக் கம்பெனி சரக்கு இப்ப வர்றதில்ல சார், வேற தரட்டுமா?" என்றார். மூன்றாவது ஆள் குழாய் ரிப்பேர்காரர். அவரைச் சும்மா வரவழைக்க முடியாதே, அதனால் பால்கனி வாளி ஒன்றை, வண்டல் என்று நினைக்கிறேன், குளியலறைத் துளையில் ஊற்றினேன். அது என் குளியலறையில் அடைத்திருந்தால் பரவாயில்லை, ஒரே குழாயில் இருக்கிற எட்டு வீட்டுக்கும் அடைத்து, தண்ணி கீழ்வீட்டு அம்மா ஹாலில் போய் நின்னுது, சோபாவுக்கு அடியில செருப்பெல்லாம் மிதக்குது, அந்த அம்மா நாற்காலி மேல ஏறி நின்னுக்கிட்டு "சேத்துல பொறந்தவன்னு சொன்னதோட விட்டாரா இந்த மனுஷன், சேத்தையே கொண்டாந்து விட்டுட்டாரே!"ன்னு கத்துறாங்க, எட்டு வீட்டு ஆளும் மாடிப்படியில நிக்கிறாங்க, நான் மட்டும் படிவத்தையும் பேனாவையும் வெச்சுக்கிட்டு ரிப்பேர்காரர் பின்னாடியே போறேன். "இது என்னங்க?" என்றேன். "சேறு" என்றார். "இன்னும் நல்லாப் பார்த்துச் சொல்லுங்க" என்றேன். "சகதி" என்றார். "லொ..." என்று எடுத்துக்கொடுத்தேன். அவர் கருவியைக் கீழே வைத்துவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்து, "சார், நான் எதுலயும் கையெழுத்துப் போடறதில்ல" என்றார்.

ஆகவே தங்கள் மேசையில் இருக்கும் மூன்று படிவங்களிலும் உள்ள கையெழுத்துகள் என்னுடையவை. காவலாளிக்கு இடது கையாலும், மருந்துக்கடைக்காரருக்கு வலது கையாலும், ரிப்பேர்காரருக்கு அவசரமாகவும் போட்டேன். முப்பத்துமூன்று வருஷம் ஒரு பொய்ச் சான்று எழுதாதவன். எழுதமாட்டேன் என்றுதானே மகளை இழந்தேன்? அப்படியிருக்க, ஒரு சொல்லுக்காக இதைச் செய்தது எனக்கே கேவலமாக இருக்கிறது. லொபக்கை நீக்கிவிடுங்கள். பொய்க் கையெழுத்துப் போட்டவன் எழுதிய மற்ற சொற்களையும் நம்ப வேண்டாம். சேறு முழுவதையும் வேறு நல்ல ஆளிடம் ஒப்படையுங்கள். வாளிகளை இன்று மாலைக்குள் அப்புறப்படுத்த வேண்டுமென்று குடியிருப்போர் சங்கத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது. தங்கள் அகராதி பிழையின்றி வெளிவரவும், உதவி ஆசிரியரின் முதுகு அதுவரை தாங்கவும் மனதார வாழ்த்துகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நம்பிக்கைக்குத் தகுதியற்ற,
மண் பரிசோதகர் (ஓய்வு)

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போனேன். என் ஃபோன் அடித்தது. என் மனைவியின் ஃபோன் இல்லை, என்னுடையது. மகள் ஒரு படம் அனுப்பியிருக்கிறாள். அதே பள்ளிக்கூட இடம், அஸ்திவாரத்தை இன்னும் ஆழமாகத் தோண்டியிருக்கிறார்கள். ஓரத்தில் ஒரு பலகை நட்டு, சிவப்புப் பெயிண்டில் எழுதியிருக்கிறது: "லொபக்கு. பாத்து நட." கீழே அவள் செய்தி: "அப்பா, தெக்கு மூலை காயவே மாட்டேங்குது. வந்து பாருங்களேன்."

உடனே கூப்பிட்டேன். ஏழு மாதம் கழித்துப் பேசுகிறேன், நலமா என்று கேட்கத் தோன்றவில்லை. "பலகை யார் எழுதினது?" என்றேன். "மேஸ்திரி." "அவருக்கு எப்படிம்மா தெரியும் அந்த வார்த்தை?" "என்னப்பா இது, சைட்ல எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க. கலவை மெஷின் ஓட்டுறவர், கம்பி கட்டுறவங்க, எல்லாரும். நான் வேலைக்குச் சேர்ந்த நாள்லேர்ந்து சொல்லிட்டு இருக்கேன். அது உங்க மண்ணு ஆபீஸ் வார்த்தைதானே?" என்றாள். "இல்லம்மா, அது நீ வெச்ச பேரு" என்றேன். "நிஜமாவா?" என்றாள், குரல் மூன்று வயதில் இருந்த மாதிரியே இருந்தது. ஃபோனை அவள் அம்மாவிடம் கொடுத்துவிட்டேன். இந்த முறை சமையலறைக் கதவு திறந்தே இருக்கிறது.

ஆகவே மேலே எழுதிய அனைத்தையும் ரத்து செய்யவும். சேற்றை வேறு யாரிடமும் கொடுக்க வேண்டாம். மேஸ்திரி, கலவை மெஷின் ஓட்டுநர், கம்பி கட்டுபவர் ஆகிய மூன்று வீட்டாரிடமும் அவரவர் கையாலேயே எழுதிவாங்கிய படிவங்கள் வெள்ளிக்கிழமை தங்களிடம் வரும். படிவத்தில் "சொல்லின் பிறப்பு" என்ற கட்டத்தை மட்டும் நான் நிரப்பப் போவதில்லை. அவளிடமே பேனாவைக் கொடுக்கப் போகிறேன். அவள் ஊருக்குப் பஸ் ஒன்பதரைக்கு. பூட்ஸில் ஒன்று கிடைத்துவிட்டது.