நாற்பதாவது ஜோடி

மனித குலத்தின் வலியை ஒழிக்கும் மகத்தான பொறுப்பு, லிஃப்ட் பழுதான ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடியில் ஒப்படைக்கப்பட்டிருந்தது. மூட்டுவலிக்காரர்கள் படியேறி வந்து சேர்வதற்குள் அவர்களைப் பற்றிய ஆய்வு பாதி முடிந்துவிடும்.

அந்த வலி ஆய்வுத் துறையின் தலைவரான பேராசிரியர் ஒரு மாமேதை. ஐஸ் வாளியில் அடுத்தவர் கையை முக்கி, "பத்துக்கு எத்தனை வலி?" என்று கேட்பதையே தவமாகக் கொண்டவர். இப்போதைய ஆய்வு, சாப்பாட்டைக் கண்டாலே மிரளும் நோயாளிகளுக்கு வாழ்க்கைத்துணை கையைப் பிடித்துக்கொண்டால் வலி குறையுமா என்பது. நாற்பது ஜோடிகள் தேவை. முப்பத்தொன்பது தேறிவிட்டன. ஜோடி சேர்க்க மறுநாளோடு கெடு.

அங்கே உதவியாளராக இருந்தவளுக்கு மூன்று வருடமாக ஒரே வேலை. நோயாளிகளின் தட்டைச் சாப்பாட்டுக்கு முன்னும் பின்னும் எடைபோட்டு, மிச்சத்தைக் குறிக்க வேண்டும். இந்தப் புனிதப் பணி நடப்பது மதியம் ஒன்றிலிருந்து இரண்டு வரை. அவளுடைய சாப்பாட்டு நேரமும் அதேதான். டிபன் பாக்ஸ் திறக்கப்படாமலே வீடு திரும்பியது. முதலில் நேரமில்லை. பிறகு பசியில்லை. பிறகு சோற்றைப் பார்த்தாலே பயம். முன்னூறு கேள்விகள் வைத்திருந்த அந்தத் துறையில் "சாப்பிட்டியா?" என்று மட்டும் ஒருவரும் கேட்டதில்லை. 'அங்கீகரிக்கப்பட்ட' படிவத்தில் அந்தக் கேள்வி கிடையாது.

"சிகிச்சையை இனி ஒரு வாரம்கூடத் தள்ளக்கூடாது, உயிருக்கே ஆபத்து" என்று டாக்டர் சொன்ன பிறகுதான், இரண்டு மாத விடுப்புக் கடிதத்தோடு அவள் பேராசிரியர் அறைக்கு வந்தாள். கேட்காமலே திரும்பிவிடுவாள் என்று தெரிந்து கணவனும் கூடவே வந்திருந்தான்.

பேராசிரியர் கடிதத்தை இரண்டு முறை படித்தார். கண் கலங்கியது.

"ஏம்மா, இதைப் போய் இத்தனை நாள் மறைச்சு வச்சிருந்தியே!"

"மறைக்கல சார். உங்க கண்ணு முன்னாடிதான் இருந்தேன்."

"வீட்டுக்காரரையும் கூட்டிட்டு வந்திருக்க! நாப்பதாவது ஜோடி, தானா நடந்து வந்திருக்கு!"

"கையெழுத்து வாங்க வந்தோம் சார்," என்றான் கணவன்.

"போடறேன் தம்பி, எங்க போயிடப் போறேன்? முதல்ல கையை இந்த வாளியில விடும்மா."

புள்ளிவிவரக்காரர் ஓடி வந்தார். அவரும் பேராசிரியரும் நின்றபடியே அவசரக் கூட்டம் கூட்டி, 'மேற்படி விடுப்பு விண்ணப்பத்தை ஆய்வுக்கான ஒப்புதலாகக் கருதலாம்' என்று ஏகமனதாகத் தீர்மானித்தார்கள்.

அவள் கை வாளிக்குள் போனது. சொன்னதைச் செய்தே வந்த பழக்கதோஷம்.

"பத்துக்கு எத்தனை?"

"எட்டு."

"இப்ப நீங்க இன்னொரு கையைப் பிடிங்க தம்பி."

பிடித்தவன் திடுக்கிட்டான். "என்னடி இது, கையா குச்சியா?"

"பேசாதீங்க! டேட்டா கெட்டுடும்!"

அவன் பிடியை மட்டும் விடவில்லை.

"இப்ப எத்தனைம்மா?"

"மூணு."

பேராசிரியர் ஒரு துள்ளு துள்ளினார். "பாத்தீங்களா! உங்க கைதான்யா மருந்து!"

"சந்தோஷம் சார். கையெழுத்து?"

"ஆறு மாசம் போகட்டும். வாராவாரம் வந்து கையை நனைச்சா போதும். அதுவரைக்கும் சிகிச்சை கிகிச்சைன்னு எங்கேயும் போயிடாதீங்க. நடுவுல குணமாயிட்டா மொத்த டேட்டாவும் பாழ்!"

"அதுக்குள்ள நான் செத்துட்டேன்னா?" என்றாள் அவள்.

"அதுக்குப் படிவத்துல தனிக் கட்டம் இருக்கும்மா," என்று புள்ளிவிவரக்காரர் ஆறுதல் சொன்னார்.

அவள் கையை வெளியே எடுத்தாள். நாற்காலியில் தொங்கிய பேராசிரியரின் வெள்ளைக் கோட்டில் நிதானமாகத் துடைத்துக்கொண்டாள்.

"வாங்க, போலாம்."

"இப்படிப் போனா வேலை போயிடும்!"

"போகட்டும் சார். பத்துக்கு ஒண்ணுதான் வலிக்குது."

அடுத்த ஆண்டு ஆய்வுக்கட்டுரை வெளியாகிப் பரிசும் பெற்றது. உலகமே கைதட்டிய அந்தக் கட்டுரையின் கடைசிப் பக்கத்தில், பூதக்கண்ணாடிக்கு மட்டும் தெரியும் எழுத்தில் ஒரு குறிப்பு:

'ஒரு ஜோடி, அறிவியலில் போதிய ஈடுபாடு இல்லாததால் முதல் நாளே விலகிக்கொண்டது. அந்த நோயாளி தற்போது மூன்று வேளையும் சாப்பிடுவதாகத் தெரியவருகிறது. எஞ்சிய முப்பத்தொன்பது பேரிடம் இத்தகைய குறை எதுவும் காணப்படவில்லை.'